மந்திரியான கிராமத்து உபாத்தியாயர்

உபாத்தியாயர்கள் ராஜீய வாழ்வில் புகுவது நம் நாட்டில் புதுமையன்று. ஆனால் மந்திரி பீடத்தில் அமர்ந்த பின்னும், பரீக்ஷையில் தவறிய கிராமத்துப் பையனை மறவாதிருந்தவர் எத்தனை பேர்? பீஹாரின் கர்ப்பூரி தாக்கூர் மறக்கவில்லை.

1924-ம் வருஷம், ஸமஸ்திபூரை அடுத்த பிதௌஞ்ஜியா கிராமத்தில், க்ஷவரத் தொழில் புரியும் வகுப்பில் அவர் பிறந்தார். 1942-ல் 'வெள்ளையனே வெளியேறு' கிளர்ச்சி மூண்டபோது கலாசாலைப் படிப்பை உதறிச் சிறை புகுந்தார். சுதந்தரம் வந்தபின் சொந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் உபாத்தியாயரானார். 1952-ல் ஸோஷலிஸ்டுக் கட்சியின் சார்பில் தாஜ்பூர் தொகுதியிலிருந்து சட்டசபைக்குச் சென்றார்.

1967-ல் காங்கிரஸல்லாத கூட்டு மந்திரிசபை அமைந்தபோது, உப முதல் மந்திரி பதவியும் கல்வி இலாகாவும் அவர் வசம் வந்தன. மெட்ரிகுலேஷன் பரீக்ஷையில் இங்கிலீஷ் கட்டாய பாடம் என்ற விதியை அவர் நீக்கினார். கணக்கிலும் சரித்திரத்திலும் தேறிய பையன் அந்நிய பாஷை ஒன்றில் தவறினால், அவன் படித்த அத்தனையும் வீண் என்று தீர்ப்புச் சொல்வது எந்த நியாயம்? மாடு மேய்த்துவிட்டு வந்து படிப்பவனுக்கும், வக்கீல் வீட்டுப் பிள்ளைக்கும் ஒரே அளவுகோலா?

பட்டணத்தார் நகைத்தார்கள். இங்கிலீஷின்றித் தேறியவர்களைக் 'கர்ப்பூரி டிவிஷன்' என்று ஏளனம் செய்தார்கள். அவர்களுடைய கண்டனம் முழுவதும் பொய்யென்று தள்ளுவதற்கில்லை. ஹைகோர்ட்டும், வைத்தியக் கல்லூரியும், அகில இந்திய உத்தியோகங்களும் இங்கிலீஷைக் கைவிடவில்லை. ஆகவே கீழ்வாயில் திறந்தும் மேல்வாயில் மூடியே கிடந்தது. ஆனால் அந்தப் பழி கீழ்வாயிலைத் திறந்தவரைச் சாராது, மேல்வாயிலைப் பூட்டி வைத்திருந்தவர்களையே சாரும் என்பது நமது அபிப்பிராயம்.

1970 டிஸம்பரில் முதல் மந்திரியானார். ஆறு மாதத்தில் அது முடிந்தது. 1977-ல் ஜனதாக் கட்சியின் சார்பில் மீண்டும் அப்பதவியை ஏற்றார். மறு வருஷமே, முங்கேரிலால் கமிஷன் அறிக்கையை ஆதாரமாகக் கொண்டு, சர்க்கார் உத்தியோகங்களில் 26 சதவிகிதத்தை ஒதுக்கினார். மிகவும் பிற்பட்டோருக்கு 12, மற்றப் பிற்பட்டோருக்கு 8, பெண்களுக்கு 3, மேல்ஜாதி ஏழைகளுக்கு 3. பிற்பட்டோருள்ளும் வலியவன், எளியவன் உண்டென்பதை அவர் கண்டார். இதில் முன்னோடி என்று பெருமைப்படும் நம் தமிழ்நாடே, மிகவும் பிற்பட்டோருக்கு 1989-ல்தான் தனியே பங்கு பிரித்தது.

உத்தரவு வெளிவந்ததும் எதிர்ப்புத் தீ மூண்டது. மாணவர்கள் வீதிக்கு வந்தார்கள். வெளிப்பகையைக் காட்டிலும் உட்பகையே கொடிது. ஜனதாக் கட்சிக்குள்ளிருந்த பழைய ஜனசங்கத்தாரின் ஆதரவு விலகியது. 1979 ஏப்ரலில் பதவி போயிற்று. உத்தரவைத் திரும்பப் பெற்றுப் பதவியைக் காத்துக்கொள்ள அவர் முயலவில்லை.

1988 பிப்ரவரி 17-ல் அவர் காலமானார். அவர் பிறந்த ஊர் இன்று கர்ப்பூரி கிராமம் என்றே வழங்குகிறது. பாரத ரத்னா விருது 2024-ல் வந்தது, முப்பத்தாறு வருஷங்கள் கழித்து.