உறைந்த ஏரியில் தூண்டில்: களனிக் கரையிலிருந்து போகிறவர்களுக்கு

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒரு தொடர்மாடியில் கதவு கதவாகத் தட்டினால், வெளிநாட்டில் பிள்ளையோ சகோதரமோ இல்லாத வீட்டைக் காண்பது அரிது. நோர்வேயில் இருப்பவர்களைப் பார்க்கப் போகும் அம்மா, அப்பா, மாமா, மாமி எல்லோருக்கும் ஒஸ்லோவின் கடைத்தெருவும் கோயிலும் ஒரு வாரத்தில் பார்த்து முடிந்துவிடும். பிறகு, “வடக்கே போவோமா? ஐஸில் துளை போட்டு மீன் பிடிக்கலாம்” என்று யாராவது கேட்பார்கள். பயந்து மறுப்பவர்களும் உண்டு, ஒன்றும் தெரியாமல் ஜீன்ஸ் போட்டுக்கொண்டு கிளம்புபவர்களும் உண்டு. இரண்டுமே வேண்டாம் என்பதற்காகத்தான் இந்த விளக்கம்.

களனி ஆறு மட்டக்குளிக்குப் பக்கத்தில் கடலோடு சேர்கிறது. அந்தக் கரையில் வளர்ந்தவருக்கு ஐஸ் என்பது மீன் செத்த பிறகு வருவது. ஆற்றுக்கு அப்பால் பேலியகொடை மீன் சந்தையில் பெட்டி பெட்டியாகக் கொட்டும் நொறுக்கிய ஐஸ். உயிருள்ள மீன் ஐஸுக்கு அடியில் நீந்துகிறது என்பதை மனம் உடனே ஏற்காது. ஆகவே முதலில் ஏரி ஏன் அடிவரை உறைவதில்லை என்று பார்ப்போம்.

நீர் குளிரக் குளிரச் சுருங்கிப் பாரமாகிக் கீழே இறங்கும். ஆனால் 4 பாகை செல்சியஸோடு அது நின்றுவிடும். அதற்கும் கீழே குளிர்ந்தால் நீர் மறுபடி விரிந்து இலேசாகும். எனவே ஏரி முழுவதும் 4 பாகைக்கு வந்த பிறகு, இன்னும் குளிர்ந்த நீர் மேலேயே தங்கி அங்கேயே உறைகிறது. உறையும்போது ஏறத்தாழ 9 சதவீதம் பருக்கிறது. அதனால் ஐஸ் மிதக்கிறது. அதன்மேல் விழும் பனி ஏரிக்குப் போர்வையாகிறது. வெளியே கழித்தல் 30 பாகை இருந்தாலும் அடியில் நீர் நீராகவே இருக்கும், மீன் உயிரோடிருக்கும். குளிரில் பல மீன்கள் மந்தமாகிவிடும். சால்மன் குடும்பத்தைச் சேர்ந்த ஆர்க்டிக் சார் அப்படியல்ல. உலகில் மிக வடக்கே வாழும் நன்னீர் மீன் அது. வடநோர்வேயின் உறைந்த ஏரிகளில் தூண்டிலுக்கு முதலில் தேடப்படுவதும் அதுதான்.

அந்த வடமுனைப் பகுதியின் பெயர் பின்மார்க். நமக்கு அது முற்றிலும் அந்நியமான நிலமல்ல. குருநகரைச் சேர்ந்த அன்ரனி இராஜேந்திரம் 1956இல் நோர்வே போனார். மீன்பிடித் தொழிலை ஊரில் மேம்படுத்த வேண்டும் என்ற எண்ணத்தோடு நோர்வே நண்பர்களின் உதவியைத் திரட்டினார். 1967இல் சீ-நோர் நிறுவனம் உருவானது. காரைநகரில் படகுத்துறை, குருநகரில் வலைத் தொழிற்சாலை என்று வளர்ந்தது. இன்று மட்டக்குளியிலும் அந்தப் பெயரில் படகுகள் கட்டப்படுகின்றன. அவர் திறந்த வழியில் பின்னர் பல இளைஞர்கள் நோர்வேக்குப் படிக்கப் போனார்கள், போர் தொடங்கியதும் அகதிகளாகவும் போனார்கள். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் அவர்களில் கணிசமானோர் பின்மார்க்கின் கடலோர ஊர்களில், மீன் பதனிடும் தொழிற்சாலைகளில், ஈரத்திலும் குளிரிலும் நின்று மீன் வெட்டினார்கள். பலர் பின்னர் தெற்கே ஒஸ்லோவுக்கு இடம்பெயர்ந்தார்கள். இன்று அவர்களின் பிள்ளைகள் அதே வடக்குக்கு விடுமுறையில் போவது எனக்கு உள்ளபடியே மகிழ்ச்சி தருகிறது. பெற்றோர் கூலிக்காகத் தொட்ட மீனைப் பிள்ளைகள் ஆசைக்காகத் தொடுகிறார்கள்.

பின்மார்க்கின் உள்நாட்டில், கவுத்தோகெய்னோ, கரஸ்யோக் போன்ற ஊர்களில், சாமி இன மக்கள் பெரும்பான்மையினர். கலைமான் வளர்ப்புக்குப் பெயர்பெற்றவர்கள் என்றாலும், ஏரி மீனும் காலங்காலமாக அவர்கள் சாப்பாட்டில் உண்டு. பாரம்பரிய முறை என்று சொல்லி அழைத்துப் போகும் வழிகாட்டிகளில் பலரும் அவர்களே. அவர்களில் ஒருவரோடு போவதுதான் நல்லது என்பேன். அங்கே நீங்கள் காசு கொடுப்பது மீனுக்காக அல்ல. ஐஸைப் பார்த்து, தட்டி, கேட்டு, எங்கே கால் வைக்கலாம் என்று அறிந்த அறிவுக்காக.

அந்த அறிவு எப்படி வேலை செய்கிறது? வழிகாட்டி முன்னே நடப்பார். கையில் நம் அலவாங்கைப் போன்ற, நுனி உளியாகத் தீட்டிய கனத்த இரும்புக் கம்பி இருக்கும். சில அடிகளுக்கு ஒருமுறை ஐஸில் குத்துவார். கம்பி துள்ளித் திரும்பினால் நடக்கலாம், மந்தமாக இறங்கினால் திரும்ப வேண்டும். ஐஸின் நிறமும் பேசும். கறுப்பாக, அடி தெரியும்படி இருக்கும் தெளிந்த ஐஸ்தான் உறுதியானது. பனி நனைந்து உறைந்த வெள்ளை ஐஸுக்கு அதில் ஏறத்தாழ பாதிப் பலம்தான். நடப்பவரைத் தாங்கத் தெளிந்த ஐஸ் குறைந்தது 10 சென்ரிமீற்றர் வேண்டும். மார்ச் மாதத்தில் பின்மார்க்கின் ஏரிகளில் அது அரை மீற்றரைத் தாண்டியும் இருக்கும். ஆனால் ஓர் ஏரியில் எல்லா இடமும் ஒரே தடிப்பு அல்ல. ஓடை வந்து சேரும் இடம், வெளியேறும் இடம், இரு நிலங்கள் நெருங்கும் ஒடுக்கம், பாலத்தின் அடி ஆகியவற்றில் நீரோட்டம் ஐஸைக் கீழிருந்து அரிக்கும். நீர்மின் திட்டத்துக்காக நீர்மட்டத்தை ஏற்றி இறக்கும் ஏரிகளில் கரையோர ஐஸுக்கு அடியில் வெற்றிடமே இருக்கலாம். வசந்தம் முற்றியதும் தடித்த ஐஸ்கூட நெட்டுக்குத்தான ஊசிகளாகப் பிரிந்து பலமிழக்கும். நின்றுகொண்டிருக்கும்போது திடீரென்று ஏரி முழுவதும் இடி போல ஒரு சத்தம் ஓடினால் கலங்க வேண்டாம். வெப்பநிலை மாறும்போது தடித்த ஐஸும் அப்படி முழங்கும். வழிகாட்டியின் முகத்தைப் பாருங்கள். அவர் அசையாவிட்டால் நீங்களும் அசைய வேண்டியதில்லை.

இடம் தெரிந்ததும் துளை. கைப்பிடியால் சுழற்றும் பெரிய திருகு துறப்பணத்தால் சுமார் 15 சென்ரிமீற்றர் அகலத்துக்குத் துளைப்பார்கள். துளையில் மிதக்கும் ஐஸ் துகள்களைத் துளைகளுள்ள அகப்பையால் அள்ளி வீச வேண்டும். சற்று நேரத்தில் மறுபடி உறையும், மறுபடி அள்ள வேண்டும். தூண்டில் தடி முழங்கையளவு நீளமே. நரம்பின் முனையில் மினுங்கும் சிறு உலோகத் தகடு, அதற்குக் கீழே சிறு கொளுக்கி, அதில் வெள்ளைப் புழு. உயிருள்ள மீனை இரையாகப் போடுவது நோர்வேயில் சட்டவிரோதம். தகட்டை அடிவரை இறக்கி, ஒரு சாண் தூக்கி, மெல்ல இழுத்து, விட்டு, நிறுத்த வேண்டும். அந்த நிறுத்தம்தான் முக்கியம், ஏனெனில் சார் பெரும்பாலும் தகடு அசையாமல் நிற்கும் நேரத்தில்தான் வந்து தொடும். கடி மிக மெல்லியது. ஆழம் குறைந்த இடத்தில் ஊரார் கலைமான் தோலை விரித்துக் குப்புறப் படுத்து, வெளிச்சம் படாமல் தலையை மூடித் துளைக்குள் எட்டிப் பார்ப்பார்கள். கண் பழகியதும் அடித்தரையும் கல்லும் தகட்டை நோக்கி வரும் மீனும் தெளிவாகத் தெரியும். வழிகாட்டி அழைத்தால் தயங்காமல் படுத்துப் பாருங்கள். மீன் கிடைக்காத நாளிலும் அந்தக் காட்சி கிடைக்கும்.

தூண்டிலைவிடப் பழமையானது ஐஸுக்கு அடியில் வலை இடுவது. முன்பனிக்காலத்தில், ஐஸ் இன்னும் மெல்லியதாக இருக்கும்போது, நேர்கோட்டில் துளைகள் போடுவார்கள். நீண்ட கழியில் கயிறு கட்டி முதல் துளைக்குள் செலுத்தி, துளைக்குத் துளை தள்ளிக்கொண்டே கடைசித் துளையில் எடுப்பார்கள். அந்தக் கயிற்றை இழுத்தால் வலை அடியில் விரிந்துவிடும். அதன் பிறகு இரு முனைத் துளைகளை மட்டும் காத்தால் போதும். ஒரு முனையில் வலையை இழுத்து மீனைக் கழற்றும்போது மறு முனையில் கட்டிய கயிறு உள்ளே போகும். பிறகு அதைப் பிடித்து வலையைத் திருப்பி இழுப்பார்கள். 2005இல் இயற்றப்பட்ட பின்மார்க் சட்டத்தின்படி ஏரியில் வலை இடும் உரிமை உள்ளூர்வாசிகளுக்கு உரியது. வெளியார் தூண்டில் போடலாம், அதற்கும் மீன்பிடி அட்டை வாங்க வேண்டும். வழிகாட்டியின் கட்டணத்தில் அட்டை அடங்குமா என்று முன்பே கேளுங்கள்.

எல்லோரும் கேட்பது விழுந்தால் என்ன ஆகும் என்பதைத்தான். குளிர்நீரில் உடல் எப்படி நடந்துகொள்ளும் என்பதைக் கனடாவின் மனிற்றோபா பல்கலைக்கழகப் பேராசிரியர் கோர்டன் கீஸ்பிரெக்ட் நீண்டகாலம் ஆராய்ந்தவர். அவர் பரப்பிய கணக்கு 1-10-1. முதல் 1 நிமிடம் மூச்சு கட்டுப்பாடின்றி வாங்கும். அதை அடக்குவது மட்டுமே வேலை. அடுத்த 10 நிமிடம் கைகால் சொன்னபடி கேட்கும். அதற்குள் வெளியேற வேண்டும். குளிரில் நினைவு தப்ப ஏறத்தாழ 1 மணித்தியாலம் ஆகும். உடனே செத்துவிடுவோம் என்ற பயம்தான் அந்த 10 நிமிடத்தைக் கெடுக்கிறது. வந்த திசைக்கே திரும்புங்கள், ஏனெனில் உங்களைத் தாங்கிய ஐஸ் அங்கேதான் இருக்கிறது. கழுத்தில் தொங்கும் இரண்டு முள்பிடிகளை ஐஸில் குத்தி, கால்களை உதைத்து, நெஞ்சை மேலே இழுங்கள். எழுந்து நிற்காமல் உருண்டு விலகுங்கள். அந்த முள்பிடிகளை ஆளுக்கொரு சோடியாகக் கழுத்தில் மாட்டிவிடாத வழிகாட்டியோடு ஏரியில் இறங்கவே வேண்டாம்.

உடுப்பில் ஒரே விதி: உடலில் பருத்தி படக்கூடாது. கொழும்பில் நமக்குச் சுகமான பருத்தி, வியர்வையை உறிஞ்சி வைத்துக்கொண்டு அங்கே உடலைக் குளிரவைக்கும். உள்ளே மெல்லிய கம்பளி, நடுவே தடித்த கம்பளி, வெளியே காற்றுப் புகாத மேலாடை. காலணி ஓர் அளவு பெரிதாக இருக்கட்டும். இறுக்கினால் இரத்தம் ஓடாமல் விரல் மரத்துப்போகும். வெறுங்கையால் இரும்பைத் தொடாதீர்கள். வசந்த வெயிலில் பனி கண்ணைக் கூசவைக்கும், கறுப்புக் கண்ணாடி கட்டாயம். இருதய நோயோ ஆஸ்துமாவோ உள்ளவர்கள் வைத்தியரைக் கேட்டுப் போங்கள்.

எப்போது போவது? நவம்பர் இறுதியிலிருந்து ஜனவரி நடுப்பகுதி வரை பின்மார்க்கில் சூரியன் எழுவதில்லை. நோர்வேயில் பதிவான மிகக் குறைந்த வெப்பநிலை கரஸ்யோக்கில்தான்: 1886இல் கழித்தல் 51.4 பாகை. நம்மவர்களுக்கு மார்ச் இறுதியும் ஏப்ரலும்தான் ஏற்றது. பகல் நீளும், ஐஸ் இன்னும் உறுதியாக இருக்கும். நோர்வேக்குப் பதிலாகக் கனடாவுக்குப் போகிறவர்களுக்கு ரொறன்ரோவுக்கு வடக்கே சிம்கோ ஏரி இருக்கிறது. அங்கே ஐஸின்மேல் சூடேற்றிய குடில்களை வாடகைக்குத் தருகிறார்கள். வயதானவர்களும் சிறுவர்களும் உள்ளே உட்கார்ந்தே தூண்டில் போடலாம். பாரம்பரியம் குறைவு, ஆனால் குடும்பமாகப் போக எளிது.

பிடித்த மீனை அங்கேயே வெட்டி, உப்பு மட்டும் போட்டு, வெண்ணெயில் பொரித்துத் தருவார்கள். சாரின் தசை செம்மஞ்சள் நிறம், கொழுப்புள்ளது. மிளகாய்த்தூளைப் பையில் வைத்திருந்தாலும் முதல் துண்டை அப்படியே தின்று பாருங்கள். ஆனால் நன்றாக வேகட்டும்: வடக்கின் ஏரி மீன்களில் நாடாப்புழு இருக்கலாம், பச்சையாகவோ அரைவேக்காடாகவோ உண்டால் அது மனிதருக்குத் தொற்றும்.

ஆர்க்டிக் பகுதி உலக சராசரியைவிடப் பல மடங்கு வேகமாக வெப்பமடைவதால், போன ஆண்டு நடந்த ஏரியில் இந்த ஆண்டு அதே திகதியில் நடக்க முடியும் என்று யாரும் உறுதி கூற முடியாது. காலையில் ஏரியைப் பார்த்துவிட்டு வழிகாட்டி “இன்று வேண்டாம்” என்று சொல்லக்கூடும். அப்படிச் சொன்னால் பணம் திரும்ப வருமா, வேறு நாள் தருவாரா என்பதைப் பதிவு செய்யும்போதே கேட்டு, பயணத்தில் ஒரு நாளை மேலதிகமாக ஒதுக்கி வையுங்கள்.