தோளில் சுண்ணாம்பு, தாளில் எந்த எண்?

கையைத் தூக்கிச் சட்டை மாட்ட முடியவில்லை. இரவில் அந்தப் பக்கம் சாய்ந்து படுக்க முடியவில்லை. நாற்பதைத் தாண்டிய ஒருவர் இப்படிச் சொன்னால், வீட்டில் உடனே கிடைக்கும் பதில்: "ஃப்ரோசன் ஷோல்டர்தான், இனிப்பு நீர் இருந்தால் வரும்." அதில் உண்மை இல்லாமல் இல்லை. இனிப்பு நீர் உள்ளவர்களுக்குத் தோள் இறுகிப்போவது அதிகம்தான். 2023ஆம் ஆண்டின் தேசிய சுகாதார ஆய்வின்படி, மலேசியாவில் பெரியவர்களில் 15.6 விழுக்காட்டினருக்கு இனிப்பு நீர் இருக்கிறது.

ஆனால் எல்லாத் தோள் வலியும் ஃப்ரோசன் ஷோல்டர் அல்ல. தோளைச் சுற்றியுள்ள தசைநாரில் கால்சியம் படிகங்கள் தேங்கினாலும் இதே வலி வரும். இரண்டுக்கும் சிகிச்சை வேறு. மருத்துவமனைப் பதிவில் விழும் எண்ணும் வேறு. அந்த எண்ணைப் பற்றி நம்மில் பலரும் யோசிப்பதில்லை.

சுண்ணாம்பு எங்கிருந்து வந்தது?

"கால்சியம் மாத்திரை சாப்பிட்டதாலா? பாலை நிறுத்த வேண்டுமா?" என்பது பலர் மனத்தில் எழும் முதல் கேள்வி. வேண்டியதில்லை. சாப்பாட்டில் உள்ள கால்சியத்துக்கும் இதற்கும் தொடர்பு இல்லை. தோளில் உள்ள தசைநாரின் உயிரணுக்களில் ஏற்படும் மாற்றத்தால், எலும்பில் இருக்கும் அதே ஹைட்ராக்சி அபடைட் என்ற பொருள் அங்கே படிகிறது. 30 முதல் 60 வயதுக்குள் இருப்பவர்களுக்கு, அதிலும் பெண்களுக்கு, இது கூடுதலாக வருகிறது.

இந்தப் படிவு ஆண்டுக்கணக்கில் சத்தமில்லாமல் கிடக்கும். உடல் அதைக் கரைக்கத் தொடங்கும்போதுதான் வலி உச்சத்துக்குப் போகும். அப்போது அது பற்பசை போலக் குழைந்திருக்கும். திடீரென்று ஒரே இரவில் தாங்க முடியாத வலி வந்தால், இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். எக்ஸ்ரேயில் வெள்ளைத் திட்டாகத் தெரிந்துவிடும். ஃப்ரோசன் ஷோல்டரில் எக்ஸ்ரே பெரும்பாலும் சரியாகவே இருக்கும். ஆனால் மருத்துவர் பிடித்துத் தூக்கினாலும் கை முழுதாக மேலே போகாது.

மூன்று வலி, மூன்று எண்

நோய்களுக்கு எண் கொடுக்கும் பழக்கம் 1893இல் பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ஜாக் பெர்த்தியோன் தயாரித்த மரணக் காரணப் பட்டியலிலிருந்து வருகிறது. 1948 முதல் உலகச் சுகாதார நிறுவனம் அதைப் பராமரிக்கிறது. நம் நாட்டு மருத்துவமனைகள் பயன்படுத்தும் ஐசிடி-10, அதன் பத்தாவது பதிப்பு.

அதில் எலும்பு, மூட்டு, தசை நோய்களெல்லாம் 'எம்' எழுத்தில் தொடங்கும். ஃப்ரோசன் ஷோல்டர் என்றால் எம் 75.0. தோள் தசைநாரில் கால்சியம் படிந்தால் எம் 75.3. படிகம் மூட்டுக்குள்ளேயே இருந்து மூட்டைக் கெடுத்தால் எம் 11.0, அது தோள் மூட்டு என்று காட்டக் கடைசியில் ஒரு 1 சேர்த்து எம் 11.01 என்று எழுதுவார்கள்.

மூன்றாவது வகை அரிது, ஆனால் கடுமையானது. 1981இல் அமெரிக்காவின் மில்வாக்கி நகரில் டாக்டர் டேனியல் மெக்கார்ட்டியும் அவருடைய குழுவினரும் இதை விவரித்ததால் 'மில்வாக்கி தோள்' என்ற பெயரும் உண்டு. பெரும்பாலும் வயதான பெண்களைத் தாக்கும். இந்தப் படிகங்கள் மிகவும் நுண்ணியவை. கௌட் நோயின் படிகங்களைப் போலச் சாதாரண நுண்ணோக்கியில் தனித்தனியாகத் தெரியாது. அதனால் தவறிப்போக வாய்ப்பு அதிகம்.

எண் மாறினால் என்ன?

குறியீடு போடுபவர் மருத்துவர் அல்ல, மருத்துவப் பதிவுப் பிரிவு ஊழியர். அவர் எக்ஸ்ரேயைப் பார்த்துத் தானாக நோயை முடிவு செய்யக் கூடாது. மருத்துவர் எழுதியதைத்தான் எண்ணாக மாற்ற வேண்டும். எழுதியது "தோள் வலி" மட்டும் என்றால், மூட்டு வலிக்கான எம் 25.5 என்ற பொது எண்தான் விழும். எக்ஸ்ரேயில் கால்சியம் தெளிவாகத் தெரிந்தாலும், பதிவில் அது இருக்காது.

இதன் பலன் காப்புறுதியில் தெரியும். அல்ட்ராசவுண்ட் பார்த்து ஊசியால் படிவைக் கழுவி எடுப்பது, அதிர்வலைச் சிகிச்சை போன்றவை ஏன் தேவைப்பட்டன என்பதற்கு "தோள் வலி" என்ற சொல் போதுமான பதில் அல்ல. காப்புறுதி நிறுவனம் கூடுதல் கடிதம் கேட்கும், நோயாளி அலைவார். வேலையில் பாரம் தூக்கும்போது தோளில் அடிபட்டவர்களும் கவனிக்க வேண்டும். காயங்களுக்கு 'எஸ்' வரிசை எண்கள் தனியே உள்ளன. அடிபட்டது எப்படி என்று மருத்துவரிடம் சொல்லாவிட்டால், அது சாதாரண நோயாகவே பதிவாகலாம்.

இனி இந்த எண்களுக்கு மதிப்பு கூடும். மருத்துவக் காப்புறுதிச் சந்தா உயர்வு பெரும் புகாராக எழுந்ததால், அந்த உயர்வைக் குறைந்தது மூன்று ஆண்டுகளுக்குப் பிரித்து விதிக்க வேண்டும் என்று 2024 டிசம்பரில் பேங்க் நெகாரா அறிவித்தது. தனியார் மருத்துவமனைகளில் நோய்க்குழு அடிப்படையில் கட்டணம் வசூலிக்கும் டிஆர்ஜி முறையைக் கொண்டுவரவும் அரசாங்கம் திட்டமிட்டுள்ளது. அந்த முறையில் நோயாளி எந்தக் குழுவில் சேர்கிறார் என்பதை முடிவு செய்வது இதே ஐசிடி எண்ணும், செய்த சிகிச்சையின் எண்ணும்தான்.

நாம் செய்ய வேண்டியது

கிள்ளான் அரசு மருத்துவமனையாக இருந்தாலும் பிரிக்ஃபீல்ட்ஸ் கிளினிக்காக இருந்தாலும், அறையை விட்டு வெளியே வருமுன் சில கேள்விகள் போதும்.

"டாக்டர், இது தோள் இறுக்கமா, தசைநாரில் கால்சியமா, மூட்டுக்குள் உள்ள பிரச்சினையா?" என்று கேளுங்கள். எக்ஸ்ரே எடுத்திருந்தால் அதன் அறிக்கையின் நகலைக் கேட்டு வாங்குங்கள். மருத்துவ அறிக்கையில் நோயின் முழுப்பெயரும், வலப்பக்கமா இடப்பக்கமா என்பதும் இருக்கிறதா என்று பாருங்கள். நம் ஐசிடி-10 எண்ணில் வலம் இடம் தெரியாது. அமெரிக்கப் பதிப்பில்தான் அதற்குத் தனி இலக்கம் உண்டு. எனவே இங்கே அது எழுத்தில் இருக்க வேண்டும்.

பெயர் பொதுவாக எழுதப்பட்டிருந்தால், சிகிச்சை தொடங்குமுன்பே திருத்தித் தரச் சொல்லலாம். அதில் தயக்கம் வேண்டாம். உங்களுக்கு இல்லாத நோயை எழுதித் தரும்படி மட்டும் கேட்காதீர்கள். அடுத்த மருத்துவர் அந்தத் தாளை நம்பித்தான் ஊசி போடுவார்.

பெரும்பாலான தோள் கால்சியம் வலி நிவாரணியும் பிசியோதெரபியும் கொண்டே காலப்போக்கில் கரைந்துவிடும். அறுவைச் சிகிச்சை சிலருக்கே தேவைப்படும். அப்பா அம்மாவின் மருத்துவக் கோப்பு அலமாரியில் இருந்தால், இந்த வாரம் ஒருமுறை எடுத்து, நோயின் பெயர் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துப் பாருங்கள்.