தொண்டைச் சதை அறுவையும் மூச்சுக் காவலும்

டான்சில் ஆப்பரேஷன் என்றால் நம்மவர்களிடம் இரண்டு எண்ணங்கள் உண்டு. "சின்ன ஆப்பரேஷன்தானே, ஐஸ்கிரீம் சாப்பிட்டா ஆறிடும்" என்பது ஒன்று. "உள்நாக்கை வெட்டுறாங்க" என்பது மற்றொன்று. இரண்டும் சரியன்று. உள்நாக்கு என்பது அண்ணத்தின் நடுவே தொங்கும் சிறு சதை. டான்சில் என்பது அதற்கு இருபுறமும் தொண்டைச் சுவரில் பாதாம் பருப்பைப் போல் அமைந்த இரண்டு சதைகள். சுசுருதர் பெயரால் வழங்கும் பழைய வடமொழி அறுவை நூலும் இவற்றில் வரும் வீக்கங்களைக் 'கலசுண்டிகா', 'துண்டிகேரி' என்று தனித்தனியே பிரித்துச் சொல்கிறது. குழப்பம் நம் பேச்சில் வந்ததுதான்.

நான் மருத்துவன் அல்லன். சந்தாபுராவில் பாத்திரக் கடை நடத்துபவன். சில ஆண்டுகளுக்கு முன் என் ஆறு வயதுப் பேத்திக்கு இந்த அறுவை நடந்தது. இரவில் குறட்டை விடுவாள். இடையிடையே மூச்சு நின்று, பிறகு திடுக்கென்று வரும். அந்த நாட்களில் டாக்டர்களைக் கேட்டும் நூல்களைப் புரட்டியும் அறிந்ததையே இங்கே எழுதுகிறேன்.

இந்த அறுவையின் சிரமம் வெட்டுவதில் இல்லை, இடத்தில் இருக்கிறது. கைகாலில் அறுவை என்றால் அறுப்பவருக்கு ஓர் இடம், மூச்சைக் காப்பவருக்கு வேறோர் இடம். இங்கே இருவருக்கும் ஒரே வாய்தான். ஒரே வாசல் உள்ள கடையில் சரக்கும் இறங்க வேண்டும், வாடிக்கையாளரும் வர வேண்டும் என்பது போன்ற நிலை. போதாததற்கு, அறுத்த இடத்தில் ரத்தம் கசியும். விழித்திருப்பவன் ஒரு சொட்டு புரையேறினாலும் இருமித் தள்ளிவிடுவான். மயக்கத்தில் இருக்கும் குழந்தைக்கு அந்த இருமல் இல்லை.

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதி வரை, லேசாக மயக்கி, கில்லட்டின் என்ற கருவியால் சில நொடிகளில் சதையைத் துண்டித்து, குழந்தையைக் குப்புறக் கவிழ்த்து ரத்தத்தைத் துப்பச் செய்வதும் ஒரு வழக்கமாக இருந்தது. வேகம் ஒன்றே அன்றைய காவல்.

மயக்கத்தில் எதைக் கவனிப்பது, நாடியையா மூச்சையா என்ற வழக்கு நம் நாட்டிலேயே விசாரிக்கப்பட்டது. ஐதராபாத்தில் எட்வர்ட் லாரி என்ற ஆங்கில மருத்துவர், நிஜாமின் பொருளுதவியோடு 1888-லும் 1889-லும் இரண்டு குளோரோஃபார்ம் ஆய்வுக் குழுக்களை நடத்தினார். மூச்சுதான் முதலில் நிற்கும், ஆகவே மூச்சையே பார் என்பது அவர் தீர்ப்பு. அதற்காக நூற்றுக்கணக்கான நாய்களும் பிற உயிர்களும் மாண்டன என்று படிக்கும்போது என் மனம் கசக்கிறது. இதயமும் திடீரென முதலில் நிற்கக்கூடும் என்று பிற்பாடு நிறுவப்பட்டதால் அவர் தீர்ப்பு பாதிதான் தேறியது. ஆனாலும் 'மூச்சைப் பார்' என்ற பாதி இன்றும் நிற்கிறது. அவரிடம் பயின்ற ரூபா பாய் ஃபர்துன்ஜி என்ற பார்சிப் பெண்மணி, உலகின் முதல் பெண் மயக்க மருத்துவர்களுள் ஒருவராகப் போற்றப்படுகிறார். நம்மில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும்?

வாய் வழியே மூச்சுக்குழலுக்குள் ஒரு குழாயைச் செலுத்தி மயக்கம் கொடுத்து அறுவை செய்ய வழிகாட்டியவர் கிளாஸ்கோ நகரின் வில்லியம் மெக்யூவன், 1878-இல். முதல் உலகப்போரில் முகம் சிதைந்து வந்த வீரர்களுக்காக மகில், ரோபோதம் என்ற இரு மருத்துவர்கள் இம்முறையை வளர்த்தார்கள். 1975-இல் டான்சில் போன்ற அறுவைகளுக்கென்றே, உதட்டருகில் வளைந்து மோவாய்ப் பக்கம் படியும் குழாய் அறிமுகமானது. இப்போது தோளுக்கு அடியில் திண்டு வைத்துத் தலையைப் பின்சாய்த்துப் படுக்க வைக்கிறார்கள். ரத்தம் மூச்சுக்குழல் பக்கம் போகாமல் மூக்கின் பின்புறப் பள்ளத்தில் தேங்கும். வாயைத் திறந்து நிறுத்தும் இரும்புக் கருவி குழாயை நசுக்கிவிடலாம். ஆகையால் வெளிவரும் மூச்சின் கரியமில வாயுவைக் காட்டும் திரையிலிருந்து மயக்க மருத்துவர் கண்ணை எடுப்பதில்லை.

கண்டம் பெரும்பாலும் முடிவில்தான் காத்திருக்கிறது. மூக்கின் பின்னே உறைந்த ரத்தக்கட்டி ஒன்று கண்ணில் படாமல் தங்கியிருந்து, குழாயை எடுத்தபின் நழுவி மூச்சை அடைத்துவிடலாம். ஆங்கிலேய மருத்துவர்கள் இதற்கு 'மரண விசாரணை அதிகாரியின் கட்டி' என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். அனுபவித்து வைத்த பெயர்! அதனால் அங்கே உறிஞ்சித் துடைத்த பிறகே குழாயை எடுப்பார்கள். குரல்நாண்கள் ரத்தமோ எச்சிலோ பட்டு இறுகி மூடிக்கொள்வதும் உண்டு; அப்போது முகமூடி வைத்து அழுத்தத்தோடு ஆக்சிஜன் தருவார்கள். விழிக்கும் வரை குழந்தையை ஒருக்களித்து, தலை சற்றுத் தாழ வைப்பதும் இதற்காகவே. "புள்ளைய நேரா படுக்க வையுங்க" என்று நர்சம்மாவிடம் சண்டைக்குப் போனவன் நான்.

பட்டினி பற்றியும் சொல்ல வேண்டும். எங்கள் வீட்டில் பொழுது சாய்ந்தபின் உண்பதில்லை. குழந்தை மாலை 6 மணிக்குச் சாப்பிட்டாள். அறுவையோ மறுநாள் காலை 10 மணிக்கு. பதினாறு மணி நேரம் தண்ணீர்கூட இல்லாமல் வைத்திருப்பதே பத்திரம் என்று நினைத்தேன். மயக்க மருத்துவர் போனில், "ஐயா, சாப்பாடுதான் 6 மணி நேரத்துக்கு முன்னாடி நிறுத்தணும். வெறும் தண்ணீர் 2 மணி நேரத்துக்கு முன்னாடி வரை தரலாம். காலைல எழுந்ததும் குடிக்கக் கொடுங்க" என்றார். விரதம் வேறு, இது வேறு.

வீட்டுக்கு வந்தபின் அறுத்த இடத்தில் வெள்ளையாக ஒரு படலம் பூக்கும், வாய் நாறும். இது சீழ் அன்று. காது வலிக்கிறது என்பாள். தொண்டைக்கும் காதுக்கும் ஒரே நரம்பின் கிளைகள் போவதால் வரும் வலி அது. வலிக்கு அஞ்சி விழுங்காமல் இருந்தால் நீர் வற்றி வலி இன்னும் கூடும். ஆகவே எடைக்கேற்ற பாரசிட்டமாலும் அடிக்கடி தண்ணீரும் வேண்டும். ஆஸ்பிரின் கூடாது. கோடீன் கலந்த மருந்து குழந்தைகளுக்கு ஆகாது. சிலர் உடல் அதை விரைவாக மார்ஃபினாக மாற்றி, தூக்கத்தில் மூச்சை ஒடுக்கிவிடும். 2013-இல் அமெரிக்க மருந்துத் துறை இதைக் கடுமையாக எச்சரித்தது.

நாம் ஏமாறுவது இதற்கு அப்புறம். ரத்தப்போக்கு முதல் 24 மணி நேரத்தில் வரலாம். அது தப்பினால், படலம் உதிரும் 5 முதல் 10 நாளுக்குள்ளும் வரலாம். ஆறு நாள் ஆயிற்றே என்று நானே அவளுக்கு ஒரு முறுக்கு கொடுத்தேன். மறுநாள் இரவு தூக்கத்திலேயே மடக் மடக்கென்று விழுங்கிக்கொண்டிருந்தாள். "தண்ணி தாகம் போலிருக்கு" என்றேன் நான். என் மனைவி விளக்கைப் போட்டு வாயைத் திறந்து பார்த்தாள், ரத்தம். நல்லவேளையாக ஆஸ்பத்திரியில் சிறிது நேரத்தில் நின்றுவிட்டது. முறுக்குதான் காரணமா என்று கேட்டேன். "படலம் உதிர்ற நாள்தான் ஐயா, முறுக்கு மேல மட்டும் பழி போட முடியாது" என்றார் டாக்டர்.

குழந்தை ரத்தத்தைத் துப்பாமல் விழுங்கிவிடும் என்பதால், அடிக்கடி விழுங்குவதே அடையாளம். அப்படிக் கண்டால் உட்கார வைத்து, முன்னே குனியச் செய்து துப்ப விட வேண்டும். குடிக்க ஒன்றும் தரலாகாது. வயிறு நிறைந்திருந்தால் மறுமுறை மயக்கம் கொடுப்பது ஆபத்து. சொந்த வண்டி இல்லையென்றால் விடியட்டும் என்று காத்திராமல் 108-ஐக் கூப்பிட வேண்டும். ஓசூர் சாலை நெரிசலில் மாட்டும் நம்மைப் போன்றவர்கள், அந்தப் பத்து நாளும் இரவில் எந்த ஆஸ்பத்திரியில் காது மூக்கு தொண்டை டாக்டர் இருப்பார் என்பதை அறுவைக்கு முன்பே கேட்டு எழுதி வைத்துக்கொள்வது நல்லது.