புற்றுக்காளானும் நாய்க்குடையும்

போன ஐப்பசி மழையில் நானும் தம்பியும் குளத்தோரப் புல்தரையில் வெள்ளை வெள்ளையாகக் காளான் பறித்து வந்தோம். "புற்றுக்காளான்தாம்மா" என்று அடித்துச் சொன்னது நான்தான். அம்மா குழம்பு வைத்தார். சாப்பிட்டு ரெண்டு மணி நேரம்கூட ஆகவில்லை, தம்பிக்கு ஒரே வாந்தி, வயிற்றுப்போக்கு. ராத்திரி முழுக்க ஆஸ்பத்திரியில் குளுக்கோஸ். எனக்குக் காய்ச்சல் என்று அன்றைக்கு ரசம் சோறுதான், அதனால் தப்பித்தேன்.

விஷயம் தெரிந்ததும் அம்மிச்சி கேட்டது ஒரே கேள்வி: "வேரைப் பாத்தியா கண்ணு?"

காங்கேயம் பக்கம் அம்மிச்சி ஊரில் கொறங்காடு உண்டு. கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல மரமும் கிளுவை வேலியும் உள்ள மேய்ச்சல் காடு. அங்கே புற்றுக்காளான் சும்மா புல்லில் முளைப்பதில்லை. மண்ணுக்குள் இருக்கும் கறையான் கூட்டிலிருந்துதான் வரும். காய்ந்த புல்லையும் மட்கிய கட்டையையும் கறையான் தின்று, அதன் எச்சத்தால் பஞ்சு மாதிரி ஒரு தோட்டம் கட்டுகிறது. அதில் பூஞ்சை வளர்கிறது. கறையானுக்குச் செரிக்காத கடினமான நாரைப் பூஞ்சை பக்குவப்படுத்துகிறது, கறையான் அதைச் சாப்பிடுகிறது. மனுசன் விவசாயம் ஆரம்பித்துச் சுமார் 10,000 வருசம். கறையான் செய்வது சுமார் 3 கோடி வருசமாக!

நல்ல மழை பெய்தால் அந்தத் தோட்டத்திலிருந்து காளான் மேலே கிளம்பும். அதனால்தான் தண்டு மண்ணுக்குள் நீள வேர் போலப் போகிறது. கறையான் இல்லாமல் இது வளராது, சிப்பிக்காளான் மாதிரி வைக்கோலில் வளர்க்க முடியாது. இதில் ஒரு வகையைச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் கே. நடராஜன் 1979-ல் புது இனம் என்று விவரித்தார். பெயர் டெர்மிட்டோமைசிஸ் ஹெய்மி.

நாங்கள் பறித்தது குளோரோஃபில்லம் மாலிப்டைட்டிஸ் என்று அறிவியல் ஆசிரியர் சொன்னார். புல்தரையில் வரும் நாய்க்குடை. தண்டில் வளையம் ரெண்டுக்குமே இருக்கும், ஏமாந்துவிடக் கூடாது. நாய்க்குடைக்கு நீள வேர் கிடையாது. முற்றினால் அடிப்பக்கத்து மடிப்புகள் பச்சையாகும். மொட்டாக இருக்கும்போது அங்கேயும் வெள்ளைதான், அதுதான் ஆபத்து. வெள்ளிக்காசு போட்டால் கறுக்கும், மஞ்சள் போட்டால் விஷம் முறியும் என்பதெல்லாம் சுத்தப் பொய். (அம்மா மஞ்சள் போட்டுத்தான் வைத்தார்!)

மறுநாள் மிச்சமிருந்த ஒரு குடையை ரஃப் நோட்டில் கவிழ்த்து வைத்தேன். காலையில் தாளில் பச்சைப் பொடி வட்டமாகப் படிந்திருந்தது. பச்சை விழுந்தால் கண்டிப்பாக நாய்க்குடை. ஆனால் பச்சை விழவில்லை என்பதால் சாப்பிடலாம் என்று அர்த்தமில்லை, வேறு விஷக்காளான்களும் இருக்கின்றன. அந்தத் தாளைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். பார்க்க விரும்புகிறவர்கள் மதிய இடைவேளையில் வாங்க.

— 9 'ஆ' பிரிவு மாணவி