வளைக்குள் ஒரு குடும்பம்

ஜாதவ்பூரின் சாலையோர மரங்களில் தாவி ஓடும் அணிலை நீங்கள் நாள்தோறும் காண்கிறீர்கள். அது கிளையில் கூடு கட்டி வாழும். அதன் உறவினங்களுள் சில, மண்ணைக் குடைந்து வளை அமைத்துக் கூட்டமாக வாழ்கின்றன. வட அமெரிக்கப் புல்வெளிகளில் வாழும் பிரெய்ரி நாய் அவற்றுள் ஒன்று. குரைப்பது போன்ற ஒலியால் 'நாய்' என்று பெயர் பெற்றதேயன்றி, அதுவும் அணில் குடும்பத்தைச் சேர்ந்ததே. நம் நாட்டில் அதற்கு நெருங்கிய உறவு, லடாக்கில் வாழும் இமய மர்மட் ஆகும். லடாக் மக்கள் இதனைப் 'பியா' என்பர்.

மர்மட், பூனையைப் போன்ற பருமனும் செம்பழுப்பு உரோமமும் உடையது. 3,000 மீட்டருக்கும் உயர்ந்த, மரமற்ற வெளியில் அது மேய்கிறது. அங்கே ஒளிந்துகொள்ள வளையைத் தவிர வேறு இடம் இல்லை. பெற்றோரும் குட்டிகளும் முந்தைய ஆண்டுகளில் பிறந்த இளையவையும் ஒரே குடும்பமாக வளைகளைப் பகிர்ந்துகொள்கின்றன. சந்திக்கும்போது அவை மூக்கோடு மூக்கு உரசிக்கொள்ளும். குட்டிகள் பின்னங்கால்களில் நின்று ஒன்றையொன்று தள்ளி விளையாடும். காண்பவர்க்கு அது மற்போர் போலவே தோன்றும்!

மேயும்போதும் அவை அடிக்கடி தலை நிமிர்ந்து சுற்றிலும் பார்க்கும். வானில் பொன்னாங்கழுகோ, பாறையிடையே ஓநாயோ பனிச்சிறுத்தையோ தென்பட்டால், கண்ட மர்மட் கூரிய சீழ்க்கை ஒலி எழுப்பும். அடுத்த நொடியில் வெளி வெறுமையாகிவிடும். ஒன்றன் கண் எல்லாவற்றையும் காக்கிறது.

லே நகரிலிருந்து பாங்காங் ஏரிக்குச் செல்லும் சாலையோரத்தில் பயணியர் வண்டியை நிறுத்தி, மர்மட்டுகளுக்குப் பிஸ்கட் ஊட்டுகின்றனர். அன்பினால் செய்வதுதான். எனினும், கை நீட்டுவோரை நோக்கி ஓடிவரப் பழகிய மர்மட், அஞ்ச வேண்டிய நேரத்திலும் அஞ்சாது. சிந்திய உணவு நாய்களையும் அங்கே ஈர்க்கும். பிஸ்கட்டின் மாவும் சர்க்கரையும் அதற்கு இயல்பான உணவும் அல்ல. கோடையில் புல்லும் வேரும் தின்று சேர்த்த கொழுப்பே ஏறத்தாழ ஆறு மாதக் குளிருக்கு அதன் இருப்பு.

துர்கா பூஜை விடுமுறையில் லடாக் செல்லும் கொல்கத்தாப் பயணியர் சிலர், மர்மட்டைக் காணாமலே திரும்புவதுண்டு. அதற்குள் குடும்பம் வளைக்குள் புகுந்து, வாயிலை மண்ணாலும் கல்லாலும் அடைத்து உறங்கத் தொடங்கியிருக்கும். உறக்கத்தில் இதயத் துடிப்பு மிகவும் குறைந்து, உடல் குளிர்ந்துவிடும். ஐரோப்பாவின் ஆல்ப்ஸ் மலை மர்மட்டுகளை ஆராய்ந்தவர்கள், மூத்தவற்றோடு ஒட்டிக்கிடக்கும் குட்டிகளே குளிர்காலத்தைத் தாண்டி மிகுதியாகப் பிழைக்கின்றன என்று கண்டுள்ளனர். மூத்தவை தம் கொழுப்பைச் செலவழித்துத் தரும் சூடு, குட்டிகளுக்கும் பயன்படுகிறது. இளவேனிலில் வாயிலைத் தோண்டி வெளிவரும்போது அவை மிகவும் மெலிந்திருக்கும்.