பென்ஷன் தொடங்கும்போது வைத்தியச் சந்தா நிற்கலாகாது

நம் சங்க அங்கத்தினர் குடும்பங்களில் ஒருவர் தறியிலோ நிலத்திலோ பாடுபட, மற்றொருவர் நூற்பாலை வேலைக்குச் செல்வது வழக்கம். ஆலையில் உழைத்தவர் வயது முதிர்ந்து விலகும் காலத்தில், பென்ஷன் எவ்வளவு வரும் என்பதை வீட்டார் அனைவரும் கணக்கிடுகின்றனர். ஈ.எஸ்.ஐ. வைத்திய உரிமை என்னவாகும் என்று வினவுவோர் சிலரே. அதனை இங்கு விளக்க முற்படுகிறோம்.

வேலையில் உள்ளவரை இதில் தொல்லை இல்லை. 2019 ஜூலை முதல் தேதியிலிருந்து, சம்பளத்தில் தொழிலாளியின் பங்கு நூற்றுக்கு 0.75, முதலாளியின் பங்கு 3.25 என்பது விகிதம். மாதம் 12,000 ரூபாய் பெறுபவருக்கு 90 ரூபாய் பிடிக்கப்படும். ஆலை 390 ரூபாய் சேர்த்துச் செலுத்தும். தொழிலாளி எதையும் நினைவில் வைத்திருக்க வேண்டுவதில்லை.

58 வயது நிறைந்ததும், பத்தாண்டுச் சேவை உடையவருக்கு 1995-ஆம் ஆண்டின் தொழிலாளர் பென்ஷன் திட்டப்படி மாதந்தோறும் பணம் வரத் தொடங்குகிறது. ஆனால் அந்தப் பென்ஷனிலிருந்து ஈ.எஸ்.ஐ. சந்தாவை எவரும் பிடிப்பதில்லை. சம்பளத்தோடு பிடித்தமும் நின்றுவிடுகிறது. இனிச் செலுத்தும் பொறுப்பு முழுவதும் ஓய்வு பெற்றவருடையதே.

விதி கூறுவது இதுதான்: குறைந்தது ஐந்தாண்டுகள் ஈ.எஸ்.ஐ. காப்பில் இருந்து, ஓய்வு வயதில் விலகியவரும், விருப்ப ஓய்வு பெற்றவரும், மாதம் பத்து ரூபாய் வீதம் ஓராண்டுக்குரிய 120 ரூபாயை ஒரே தொகையாக முன்கூட்டிச் செலுத்தினால், தமக்கும் தம் மனைவிக்கும் அல்லது கணவருக்கும் வைத்திய வசதியைத் தொடர்ந்து பெறலாம். மாதம் ஆயிரம் ரூபாய் என்னும் குறைந்தபட்சப் பென்ஷன் பெறுபவருக்கும் இது ஆண்டு வருமானத்தில் நூற்றில் ஒரு பங்கே. ஓய்வு பெற்றவர் காலமாகிவிட்டாலும், சந்தா செலுத்திவரின் துணைவருக்கு வசதி நீடிக்கும்.

இவ்வளவு எளிதாயிருந்தும் பலர் இதனை இழப்பது ஏன்? ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை செலுத்திய சந்தாவுக்குரிய பயன், அடுத்த ஜனவரி முதல் ஜூன் வரை கிடைக்கிறது. அக்டோபர் முதல் மார்ச் வரைக்குரியது ஜூலை முதல் டிசம்பர் வரை கிடைக்கிறது. ஆகவே விலகிய பின்னரும் சில மாதங்கள் மருந்தகத்தில் அட்டை செல்லும். அதைக் கண்டு, உரிமை என்றும் நிலைக்கும் என எண்ணிவிடுகின்றனர். பின்னர் நோய் வந்த நாளில்தான் உண்மை தெரிகிறது.

மேலும் இரண்டு செய்திகளை மறக்கலாகாது. பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் இவ்வசதி தொடராது. நோய்க்காலத்தில் கிடைத்துவந்த பணச் சகாயமும் இல்லை. வைத்தியம் மட்டுமே உண்டு.

இனிச் செய்யவேண்டுவன யாவை? விலகும் நாளிலேயே ஓய்வுச் சான்றையும் ஈ.எஸ்.ஐ. எண்ணையும் ஆலையிலிருந்து எழுத்தில் பெற்றுக்கொள்க. பென்ஷன் உத்தரவு வரட்டும் என்று காத்திராமல், கடைசிச் சம்பளத்திலிருந்தே 120 ரூபாயை ஒதுக்கிவைக்க. அதனைச் செலுத்துமுன் கிளை அலுவலகத்தில் விவரம் கேட்டறிக. 2025 நவம்பர் 21 முதல் புதிய சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு அமலுக்கு வந்திருப்பதால் இது அவசியம். ரசீதைப் பத்திரப்படுத்துக. பென்ஷனுக்காக ஆண்டுதோறும் உயிர்வாழ் சான்று கொடுத்தே ஆகவேண்டும். சந்தா தேதி அதற்கு முன்னதாக வருமாயின் அத்தேதியிலும், இல்லையேல் சான்று கொடுக்கும் நாளிலேயும், சந்தாவைப் புதுப்பித்துக்கொள்வதென வழக்கப்படுத்திக்கொண்டால் ஒன்று மற்றொன்றை நினைவூட்டும்.

சங்கங்களும் இதில் உதவலாம். ஓய்வு பெற்ற அங்கத்தினரின் சேமிப்புக் கணக்கில் மாதம் பத்து ரூபாய் சேர்த்துவரச் செய்து, சந்தா மாதம் வந்ததும் அவருக்கு நினைவூட்டலாம். ஆனால் எழுத்து மூலமான சம்மதமின்றி எவர் கணக்கிலும் கைவைத்தல் கூடாது. அத்தொகையைச் சங்கத்தின் பொது நிதியோடு கலத்தலும் கூடாது. பெயர், சந்தா முடியும் தேதி, ரசீது எண் ஆகிய மூன்றுக்கும் ஒரு சிறு பதிவேடு போதும்.

முப்பது ஆண்டுகள் உழைத்துச் சேர்த்த உரிமை, நூற்றிருபது ரூபாய் செலுத்த மறந்தமையால் அற்றுப்போகலாகாது. இவ்வாண்டு ஓய்வு பெறுவோர் யார் யார் என்பதை அடுத்த நிர்வாகக் கூட்டத்திலேயே காரியதரிசிகள் கேட்டறிந்து குறித்துக்கொள்வார்களாக.