ரீகா நகரத்து நடிகையும் நம் யோகா வகுப்பும்

லிட்டில் இந்தியாவில் பூச்சரமும் புடவையும் விற்கிற கடை வரிசையில் இப்போது யோகா விரிப்பும் சுருட்டி வைக்கப்பட்டிருக்கிறது. அங்கிருந்து பெருவிரைவு ரயிலில் சில நிறுத்தங்கள் தள்ளி ராஃபிள்ஸ் பிளேஸில் இறங்கினால், அலுவலகக் கட்டடங்களின் மாடிகளில் யோகா வகுப்புகள். சில இடங்களில் ஒரு வகுப்புக்கு முப்பது வெள்ளிக்கு மேல் கேட்கிறார்கள். முடிவில் ஆசிரியை கைகூப்பி 'நமஸ்தே' என்கிறார். வீட்டில் 'வணக்கம்' சொல்லி வளர்ந்த நாமும் பதிலுக்கு 'நமஸ்தே' என்கிறோம்.

நம் மாணவர்களிடையே இந்தப் பேச்சு வந்தால் போதும், உடனே ஒருவர் பொங்கிவிடுவார். "நம்மிடமிருந்து எடுத்துப் போய் நமக்கே விற்கிறார்கள். திருமந்திரத்தில் மூன்றாம் தந்திரம் முழுவதும் யோகம்தானே?" என்பார். நானும் பலமுறை தலையாட்டியிருக்கிறேன். ஆனால் எடுத்துப் போனவர் யார், எப்படி எடுத்துப் போனார் என்று கேட்டால் நம்மில் எத்தனை பேருக்குப் பதில் தெரியும்? அந்தக் கேள்விக்கு விடை தேடிப் போனபோதுதான் இந்திரா தேவி என்ற நடிகையின் கதை எனக்குக் கிடைத்தது.

பெயரைப் பார்த்து ஏமாற வேண்டாம். அவருடைய இயற்பெயர் யூஜினி பீட்டர்சன். 1899ஆம் ஆண்டு, அப்போது ரஷ்யப் பேரரசின் பகுதியாக இருந்த ரீகா நகரில் பிறந்தவர். அந்நகரம் இன்று லாத்வியாவின் தலைநகரம். தந்தை ஸ்வீடிஷ் வழிவந்தவர். தாய் ரஷ்யப் பிரபுக்கள் குடும்பத்தைச் சேர்ந்த நாடக நடிகை. மாஸ்கோவில் நடிப்புப் பயின்றார். ரஷ்யப் புரட்சிக்குப் பிறகு நாட்டைவிட்டு வெளியேறி, பெர்லினில் 'நீலப் பறவை' என்ற நாடகக் குழுவில் சேர்ந்து ஐரோப்பிய ஊர்களில் நடித்துக்கொண்டிருந்தார். 1926ஆம் ஆண்டு நெதர்லாந்தில் ஓமன் என்ற ஊரில் நடந்த முகாமில் ஜே. கிருஷ்ணமூர்த்தி வடமொழி மந்திரம் ஓதுவதைக் கேட்டார். மறு ஆண்டே இந்தியாவுக்குக் கப்பலேறிவிட்டார்.

இந்தியாவில் அவர் முதலில் யோகாசனத்தைத் தேடி ஓடவில்லை. 1930ஆம் ஆண்டு 'ஷேர்-இ-அரப்' என்ற படத்தில் நடித்தார். உடன் நடித்தவர் பிருத்விராஜ் கபூர். பிற்காலத்தில் இந்தித் திரையுலகையே ஆண்ட கபூர் குடும்பத்தின் மூத்தவர். அந்தப் படத்துக்காகத்தான் யூஜினிக்கு இந்தியப் பெயர் வந்தது.

இது அன்றைய திரையுலகில் வழக்கமான ஒன்று. குடும்பப் பெண்கள் நடிக்க முன்வராத காலம் அது. அந்த இடத்தை யூதப் பெண்களும் ஆங்கிலோ இந்தியப் பெண்களும் நிரப்பினார்கள். ரூபி மையர்ஸ் 'சுலோசனா' ஆனார். ரெனீ ஸ்மித் 'சீதா தேவி' ஆனார். ஊமைப்படத்தில் நடிகையின் உச்சரிப்பை யார் கண்டார்கள்? முகமும் அசைவும் போதும். 1931ஆம் ஆண்டு 'ஆலம் ஆரா'வும், அதே ஆண்டு தமிழ் பேசிய 'காளிதாஸ்' படமும் வந்ததும் கதை மாறிவிட்டது. நடிக்க வருபவர் பேசவும் பாடவும் வேண்டும் என்றாயிற்று. (இன்று அந்தச் சிக்கலும் இல்லை. இங்கிலாந்திலிருந்து வந்த எமி ஜாக்சன் 2010ஆம் ஆண்டு 'மதராசபட்டினம்' படத்தில் அறிமுகமாகி, 2015இல் 'ஐ' படத்தில் விளம்பர அழகியாக நடித்தார். 'ஐ' படத்தில் நாம் கேட்ட குரல் ரவீணா ரவியுடையது.)

இந்திரா தேவியின் திரைவாழ்வு வளரவில்லை. 1930ஆம் ஆண்டிலேயே பம்பாயிலிருந்த செக்கோஸ்லோவாக்கியத் தூதரக அதிகாரி ஒருவரை மணந்தார். விருந்தும் வரவேற்பும் நிறைந்த வாழ்க்கை. பிறகு நெஞ்சுவலி வந்து, ஆண்டுக் கணக்கில் அவதிப்பட்டார். யோக முறைச் சிகிச்சையால் குணமடைந்ததாக அவரே எழுதியிருக்கிறார். அந்த அனுபவம் 1937ஆம் ஆண்டில் அவரை மைசூருக்கு இட்டுச் சென்றது.

மைசூரில் ஜகன்மோகன் அரண்மனையில் யோகசாலை நடத்தி வந்தவர் திருமலை கிருஷ்ணமாச்சாரியார். வைணவப் பண்டிதர்; கண்டிப்பானவர். இன்று உலகெங்கும் பெயர் சொல்லப்படும் பி.கே.எஸ். அய்யங்காரும் பட்டாபி ஜோய்ஸும் அவரிடம் பயின்றவர்களே. இந்திரா தேவி வந்து கேட்டதும், வெளிநாட்டவருக்கும் பெண்களுக்கும் இங்கே இடமில்லை என்று மறுத்துவிட்டார். மகாராஜா நான்காம் கிருஷ்ணராஜ உடையார் பரிந்துரைத்த பிறகே இசைந்தார். இசைந்தாலும் விட்டுக்கொடுக்கவில்லை. வெள்ளை அரிசி, மைதா, சர்க்கரை, டின்னில் அடைத்த உணவு எதுவும் கூடாது. மண்ணுக்கடியில் விளையும் காய்களும் கூடாது. தூதரக விருந்துகளில் பழகிய பெண் இரண்டே நாளில் ஓடிவிடுவார் என்று எதிர்பார்த்திருப்பாரோ என்னவோ! அவர் ஓடவில்லை.

அடுத்து நடந்ததைத்தான் நம் பொங்கும் நண்பர்கள் கவனிக்க வேண்டும். கணவருக்குச் சீனாவுக்கு மாற்றல் வந்தபோது, கிருஷ்ணமாச்சாரியாரே அவரை அழைத்து, கற்றுக்கொடுக்கும் முறையையும் சொல்லித் தந்து, போகும் இடத்தில் நீ யோகம் கற்பிக்க வேண்டும் என்றார். ஆசையோடு கேட்டு வாங்கிய பொறுப்பு அல்ல அது. ஆசிரியர் இட்ட பணி. 1939ஆம் ஆண்டு ஷாங்காயில், சியாங் கை ஷேக்கின் மனைவிக்குச் சொந்தமான வீட்டில் வகுப்பு தொடங்கியது. போர் முடிந்ததும் இந்தியா திரும்பினார். 1947ஆம் ஆண்டு அமெரிக்கா சென்று, ஹாலிவுட்டில் பயிலகம் திறந்தார். கிரெட்டா கார்போ, குளோரியா ஸ்வான்சன், ஜெனிஃபர் ஜோன்ஸ் எனத் திரை நட்சத்திரங்கள் அவரிடம் படித்தார்கள். அழகுசாதன நிறுவனம் நடத்திய எலிசபெத் ஆர்டன் தம்முடைய உடல்நல நிலையங்களில் யோகாவைச் சேர்த்துக்கொண்டார். இன்று 'வெல்னஸ்' என்ற பெயரில் ஸ்பாவும் யோகாவும் ஒரே விளம்பரத்தில் வருகின்றனவே, அந்தக் கூட்டு இப்படித்தான் தொடங்கியது. 1959ஆம் ஆண்டு அவர் அமெரிக்கர்களுக்கென்று எழுதிய யோகா நூல், ஆறு வாரப் பயிற்சியாகவே அமைக்கப்பட்டிருந்தது.

நடிகையாக இருந்தது அவருக்கு எந்த அளவுக்குக் கைகொடுத்தது? என் கருத்தில், நிறையவே. முன்னால் இருப்பவர் யார், அவருக்கு என்ன பிடிக்கும், எதைச் சொன்னால் எழுந்து போய்விடுவார் என்பதெல்லாம் மேடை ஏறியவருக்குத்தான் தெரியும். யோகத்தை மதப் பேச்சிலிருந்து பிரித்து, மூச்சு, தளர்வு, தூக்கம், இளமை என்று எளிய சொற்களில் வைத்தார். படத்துக்காக வைத்துக்கொண்ட பெயரைக் கடைசிவரை விடவில்லை. அமெரிக்க மேடைகளிலும் புடவை கட்டியே நின்றார். சிங்கப்பூரில் ராமகிருஷ்ண மிஷன் 1928ஆம் ஆண்டிலேயே வந்துவிட்டது. ஆனால் ராஃபிள்ஸ் பிளேஸ் மாடிக்கு வந்த யோகா அந்த வழியாக வரவில்லை. மைசூரிலிருந்து மேற்கே போய், ஆறு வாரப் பாடமாகி, அங்கிருந்து இங்கே வந்திருக்கிறது. மைசூர் யோகசாலை 1950ஆம் ஆண்டு மூடப்பட்டு, கிருஷ்ணமாச்சாரியார் பிழைப்புக்காகச் சென்னைக்கு வந்து சேர்ந்த நாட்களில், அவருடைய மாணவி ஹாலிவுட்டில் பேர்பெற்று விட்டார் என்பதையும் சொல்ல வேண்டும்.

ஆகவே 'திருடிக்கொண்டு போனார்கள்' என்ற குற்றச்சாட்டை நான் கைவிட்டுவிட்டேன். கொடுத்தார்கள், வாங்கிக்கொண்டார். வாங்கியவர் தம் ஆசிரியர் பெயரை மறைக்கவும் இல்லை.

என்னை உறுத்துவது வேறொன்று. இந்திரா தேவியைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் 'கிருஷ்ணமாச்சாரியாரின் முதல் பெண் சீடர்' என்று எழுதுகிறார்கள். வெளிநாட்டுப் பெண்களில் முதல்வர் என்றால் சரி. ஆனால் அவருடைய வீட்டிலேயே ஒரு பெண் ஆசனம் செய்துகொண்டிருந்தார். அவர் மனைவி நமகிரியம்மாள். பி.கே.எஸ். அய்யங்காரின் அக்காள். யோகசாலை வருவதற்கு முந்தைய வறுமை நாட்களில், கிருஷ்ணமாச்சாரியார் மனைவியின் புடவையிலிருந்து கிழித்த துணியைத்தான் கோவணமாகக் கட்டியிருந்தார் என்று அவர் வாழ்க்கையை எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். ஹாலிவுட் மேடையில் மின்னிய புடவையைப் பற்றிப் பக்கம் பக்கமாகப் படித்த எனக்கு, இந்தப் புடவையைப் பற்றி ஒரே ஒரு வரிதான் கிடைத்தது.

இதில் எனக்குச் சொந்தக் காரணமும் உண்டு. முழங்கால் வலியால் மாடிப்படி ஏற முடியாத என் அம்மாவை யோகா வகுப்புக்குக் கூப்பிட்டேன். விளம்பரப் படத்தைப் பார்த்தார். உடலை ஒட்டிய உடையில், சுவர் முழுக்கக் கண்ணாடி பதித்த அறையில் நிற்கும் இளம் பெண்கள். "இது எங்களுக்கெல்லாம் இல்லடா" என்று தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். புடவை கட்டிய ஐரோப்பியப் பெண் உலகுக்குக் கொண்டுபோன ஒன்று, புடவை கட்டிய தமிழ்ப் பெண்ணுக்கு 'எங்களுக்கு இல்லை' என்று ஆகிவிட்டது! 2015ஆம் ஆண்டு முதல் ஜூன் 21ஆம் நாளை அனைத்துலக யோகா தினமாகக் கொண்டாடுகிறார்கள். சிங்கப்பூரிலும் பல இடங்களில் விரிப்பு விரிக்கிறார்கள். சமூக மன்றங்களில் குறைந்த கட்டணத்தில் வகுப்பு உண்டு. அங்கே வயதானவர்கள் நாற்காலியில் அமர்ந்தபடியே செய்வதும் உண்டு. அப்படி ஒரு வகுப்பில் அம்மாவைச் சேர்த்திருக்கிறேன். சுரிதார் போட்டுக்கொண்டு போகிறார்.

இந்திரா தேவி பிறகு மெக்சிகோவிலும், கடைசியாக அர்ஜென்டினாவிலும் வாழ்ந்தார். 2002ஆம் ஆண்டு ஏப்ரலில் புவனஸ் அயர்ஸ் நகரில் காலமானபோது அவருக்கு வயது 102. கிருஷ்ணமாச்சாரியார் 1989ஆம் ஆண்டு சென்னையில், நூறு வயதைக் கடந்து மறைந்தார்.

1938ஆம் ஆண்டு மைசூரில் எடுக்கப்பட்ட ஊமைப்படம் ஒன்று இன்று இணையத்தில் கிடைக்கிறது. கிருஷ்ணமாச்சாரியாரையும் இளைஞர் அய்யங்காரையும் காணவே பலர் அதைத் தேடுகிறார்கள். நீங்கள் பார்க்கும்போது கொஞ்சம் பொறுத்திருங்கள். நமகிரியம்மாளும் பிள்ளைகளும் அதில் வருகிறார்கள்.